முத்துக்குமாருவின் கையெழுத்து

அத்தியாயம் ஒன்பது

கீரிமலைக் கோயிலில் பெண் பார்க்கும் காரியம் ஒருமாதிரி ஒப்பேறியதைப் போன கிழமை பார்த்தோம். மாப்பிள்ளை சோமசேகரமும் அவருடைய மாமன் பஞ்சலிங்கமும் உடுவிலிலிருந்து கார் பிடித்து வருவதற்கு ஒரு மணித்தியாலம் முந்தியே, முத்துக்குமாரு தன் மகள் ஞானாம்பிகையைக் கூட்டிக்கொண்டு போய் மண்டபத் தூணோடு நிற்பாட்டிவிட்டார். அவர்கள் வந்தார்கள், கும்பிட்டார்கள், கும்பிடுகிற சாட்டில் பெண்ணைப் பார்த்தார்கள், விபூதி வாங்கிக்கொண்டு போனார்கள். அவ்வளவு நேரமும் ஞானாம்பிகை ஓர் அடிகூட எடுத்து வைக்கவில்லை. தகப்பன் விடவில்லை.

ஏன் விடவில்லை என்பதை மறந்தவர்களுக்கு ஒருமுறை சொல்லிவிடுகிறேன். போன வருடம் கோப்பாய்ச் சந்தியில் ஞானாம்பிகை மினிபஸ்ஸில் ஏறக் காலை வைத்தபோது, பின்னால் வந்த பஸ்ஸை முந்துகிற அவசரத்தில் சாரதி வண்டியை எடுத்துவிட்டான். இடுப்புக்குக் கீழே இடது கால் முறிந்தது. பெரியாஸ்பத்திரியில் மூன்று மாதம் கிடந்து பொருந்திய கால், ஒன்றரை அங்குலம் குட்டையாகப் பொருந்திவிட்டது. அவளுடைய இடது செருப்பின் அடியில் ஒன்றரை அங்குலத்துக்கு றப்பர் வைத்து ஒட்டியிருக்கிறது. அதைப் போட்டுக்கொண்டு மெல்ல நடந்தால் யாரும் அவ்வளவாகத் திரும்பிப் பார்க்க மாட்டார்கள். ஆனால் கோயிலுக்குள் செருப்போடு போக முடியுமா? அதனால்தான் அந்தத் தூண்.

அன்றைக்கு மாப்பிள்ளை பெண்ணைப் பார்த்ததைவிட முத்துக்குமாருவைத்தான் கூடப் பார்த்தார். மரியாதை தெரிந்த பிள்ளை என்று அவர் வீட்டுக்கு வந்து மனைவியிடம் பெருமையாகச் சொன்னார். அது நடந்து பத்து நாளாகிவிட்டது.

இன்றைக்கு வேறு அலுவல். யாழ்ப்பாணம் பட்டினத்தில், காப்புறுதிக் கந்தோரில், பத்து மணிக்கு விசாரணை.

கால் நன்றாகப் பொருந்திவிட்டது, ஆகவே ஆஸ்பத்திரிச் செலவு மட்டும் தரலாம் என்று மினிபஸ்ஸின் காப்புறுதிக் கொம்பனி ஆறு மாதத்துக்கு முன் முடிவு சொல்லியிருந்தது. ஞானாம்பிகை தையல் ரீச்சராக இருந்தவள். கால் மெசினைப் பத்து நிமிடம் மிதித்தால் இடுப்பு விண் விண்ணென்று குத்தும். வேலை போய்விட்டது. அந்த வேலைக்கு, அந்தக் காலுக்கு, இனிவரப் போகிற வருடங்களுக்கு ஒரு நியாயம் கேட்டு முத்துக்குமாரு மேன்முறையீடு எழுதிப் போட்டார். அதைக் கேட்கக் கொழும்பிலிருந்து ஓர் அதிகாரி வந்திருந்தார்.

வழக்குப் பேச ஓர் அப்புக்காத்து வைக்கவில்லையா என்று கேட்கிறீர்களா? முத்துக்குமாருவிடமா? கூட்டுறவுச் சங்கக்கடை மனேச்சராக இருபத்தெட்டு வருடம் இருந்து இளைப்பாறிய அவருடைய கையெழுத்து கோப்பாயில் பேர்போனது. கிணற்று வழக்கென்றாலும் இடமாற்றமென்றாலும் சனம் கடதாசியோடு அவர் வீட்டுப் படலைக்குத்தான் வரும். அச்சில் வார்த்த எழுத்து. ஒவ்வொரு கடதாசியின் தலையிலும் பிள்ளையார் சுழி, அதற்குக் கீழே ஒரு சின்னக் கோடு. அந்தக் கோடு அவருடைய முத்திரை. தன் பேனையைவிட எந்த அப்புக்காத்து பெரியவன் என்ற எண்ணம் அவருக்கு இருந்தது. அந்தச் செருக்குத்தான் கடைசியில் காலை வாரியது.

மேன்முறையீட்டில் அவர் எழுதினார்: 'எனது மகள் சீவியகாலம் முழுவதும் நொண்டியாகவே இருக்க நேர்ந்துள்ளது.' அந்த வரியை எழுதிக்கொண்டிருந்தபோது ஞானாம்பிகை தேத்தண்ணி கொண்டுவந்து வைத்தாள். அவர் உள்ளங்கையால் அந்தச் சொல்லை மறைத்தார். மை காயாததால் சொல் கையில் ஒட்டிக்கொண்டது.

மூன்று கிழமை கழித்து, அதே மேசையில், அதே பேனையால், பஞ்சலிங்கத்துக்கு ஒரு கடிதம் எழுதினார். 'மகளின் காலில் ஏற்பட்ட சிறு உளுக்குப் பூரண சுகம். நடையில் யாதொரு குறைவுமில்லை.'

ஒன்று கொழும்புக்குப் போகிற தபால். மற்றது உடுவிலுக்குப் போகிற தபால். இரண்டும் எங்கே சந்திக்கப் போகின்றன என்று அவர் நினைத்தார். கொழும்பிலிருந்து வருகிற காசு உடுவிலுக்குச் சீதனமாகப் போகும் என்பதுதான் அவருடைய கணக்கு. அந்தக் கணக்கில் ஞானாம்பிகையை யாரும் கேட்கவில்லை.

விடியவே வீட்டில் சேலைப் பிரச்சினை. தாய் குணலட்சுமி நீலக்கரை போட்ட நல்ல சேலையை எடுத்து வைத்திருந்தாள். அதைக் கண்டதும் முத்துக்குமாரு முகத்தைச் சுளித்து, வீட்டில் கட்டுகிற பழையதொன்றைக் கட்டச் சொன்னார்.

"இஞ்சாருங்கோ, கோயிலுக்குப் போனால் நல்லாக் காட்டவேணும், கந்தோருக்குப் போனால் பாவமாக் காட்டவேணும். அவள் என்ன பொம்மையே?" என்றாள் குணலட்சுமி.

ஞானாம்பிகை பழைய சேலையைக் கட்டிக்கொண்டு வந்தாள்.

பட்டினத்தில் பஸ்ஸால் இறங்கிக் கந்தோருக்கு நடந்தபோதுதான் அவர் அதைச் சொன்னார். சொல்லுமுன் இரண்டு தரம் தொண்டையைக் கனைத்தார். ஆமிக்காரரின் ட்ரக் ஒன்று கடந்து போகும்வரை ஓரமாக நின்றார்கள். பிறகு, தெருவைப் பார்த்தபடியே சொன்னார்.

"உள்ளை போகேக்கை கொஞ்சம் கூடச் சாய்ஞ்சு நட பிள்ளை."

ஞானாம்பிகை நின்றாள்.

"எவ்வளவு சாயவேணும் அப்பா?"

அவள் கோபமாகக் கேட்கவில்லை. சட்டைக்கு அளவு கேட்கிறமாதிரித்தான் கேட்டாள். முத்துக்குமாருவுக்குக் காது மடல் சுட்டது. நேரம் போகுது என்று மட்டும் சொல்லி முன்னால் நடந்தார்.

கந்தோர் மேல்மாடியில் இருந்தது. பத்தொன்பது படி. அவள் கைபிடியைப் பிடித்து ஒவ்வொன்றாக ஏறினாள். அவர் பின்னால் ஏறினார். மகளின் காலைப் பார்க்காமல் ஏறப் பார்த்தார், முடியவில்லை.

உள்ளே ஒரு நீண்ட மேசை. தலைப்பக்கத்தில் கொழும்பு அதிகாரி, கண்ணாடி போட்ட, களைத்த முகமுள்ள மனிதர். ஒரு பக்கம் கொம்பனியின் அப்புக்காத்தர். அவருக்குப் பக்கத்துக் கதிரையில் மினிபஸ் சொந்தக்காரர் சிவசுப்பிரமணியம். சுவரோரத்து வாங்கில் தகப்பனும் மகளும் இருந்தார்கள்.

முதலில் எல்லாம் ஒழுங்காகத்தான் போனது. அதிகாரி மனுவை வாசித்து, நல்ல மனு, யார் எழுதியது என்று கேட்டார். முத்துக்குமாரு எழும்பி நின்று, நான்தான் ஐயா என்றார். அந்த ஒரு நிமிடம் அவருக்குப் பழைய நெஞ்சு நிமிர்வு வந்தது.

அப்புக்காத்தர் இன்னொரு கடதாசியை எடுத்து மேசையில் வைத்தார். நாலாக மடித்த கடதாசி. தலையில் பிள்ளையார் சுழி, அதற்குக் கீழே சின்னக் கோடு.

முத்துக்குமாரு உடுவிலுக்கு எழுதிய கடிதம்.

சிவசுப்பிரமணியமும் உடுவில் பஞ்சலிங்கமும் அக்கா தங்கையைக் கட்டிய சகலன்மார் என்ற சங்கதி அப்புக்காத்தர் சொல்லித்தான் அவருக்குத் தெரிய வந்தது. சம்பந்தம் பேசுகிற இடத்தின் இனசனத்தை விசாரிக்க ஆள் அனுப்பியவர், பெண்சாதி வழியை விசாரிக்க மறந்துவிட்டார். பஞ்சலிங்கம் கெட்ட எண்ணத்தோடு கொடுக்கவில்லையாம். உன்ரை பஸ்ஸிலை அடிபட்ட பிள்ளைக்கு நல்ல சுகமாம், நீ கவலைப்படாதை என்று சகலனுக்கு ஆறுதல் சொல்லத்தான் காட்டினாராம்.

அப்புக்காத்தர் கடிதத்தை உரக்க வாசித்தார். உளுக்கு என்ற இடத்தில் ஒருமுறை நிறுத்தினார். நடையில் யாதொரு குறைவுமில்லை என்பதை இரண்டு தரம் வாசித்தார். பெண் பத்து நாளுக்கு முன் கீரிமலையில் நல்லபடி நின்று கும்பிட்டதையும் சேர்த்துச் சொன்னார்.

அதிகாரி கண்ணாடியைக் கழற்றினார்.

"இது உங்கடை எழுத்தோ?"

முத்துக்குமாரு மகளைப் பார்க்கவில்லை. சிவசுப்பிரமணியத்தைத்தான் பார்த்தார். ஓம் என்றால் மனு பொய் என்பார்கள். கடிதம் பொய் என்றால் இந்த மனிதன் பொழுது படமுன் உடுவிலில் போய்ச் சொல்லிவிடுவான். ஒரு பக்கம் பிள்ளையின் சீவியம், மறுபக்கம் பிள்ளையின் கலியாணம். இரண்டுக்கும் நடுவில் அவருடைய நாக்கு ஒரு குறுக்கு வழி தேடிக்கொண்டது.

"இல்லை ஐயா. என்ரை எழுத்தில்லை."

ஐம்பத்தொன்பது வயதில், தன்னிடம் பெருமைப்பட இருந்த ஒரே பொருளை, தன் வாயாலேயே இல்லை என்று சொன்னார்.

அதிகாரி இரண்டு கடதாசியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். ஒரு வெள்ளைத் தாளை மேசையின் இந்தப் பக்கம் தள்ளி, அதன் மேல் ஒரு பேனையையும் வைத்தார்.

"அப்ப ஒரு வரி எழுதுங்கோ. நடையில் யாதொரு குறைவுமில்லை. அதை எழுதுங்கோ."

முத்துக்குமாரு மேசைக்குப் போனார். பேனையைப் பிடித்தார். பழக்கத்தில் கை தாளின் தலைக்குப் போய்ப் பிள்ளையார் சுழி போடப் பார்த்தது. இழுத்து நிறுத்தினார். பிறகு எழுதினார். வேண்டுமென்றே எழுத்தைக் கோணலாக்கி, கொம்புகளை முறித்து, வரியை மேலும் கீழும் இழுத்து, முதலாம் வகுப்புப் பிள்ளை எழுதுகிறமாதிரி எழுதினார். நெற்றியில் வேர்த்தது. வேர்வைத் துளி ஒன்று தாளில் விழுந்தது. சிவசுப்பிரமணியம் யன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அந்த மனிதருக்கே அதைப் பார்க்க வெட்கமாக இருந்தது.

குறைவு என்ற சொல்லில் பேனை நின்றபோது, பின்னால் குரல் கேட்டது.

"காணும் அப்பா."

ஞானாம்பிகை வாங்கிலிருந்தபடியே குனிந்து செருப்பைக் கழற்றினாள். முதலில் வலதை, பிறகு உயர்ந்த அடியுள்ள இடதை. இரண்டையும் கோயில் வாசலில் வைக்கிறமாதிரி ஒழுங்காக வாங்கின் கீழே வைத்தாள். எழும்பி, சுவரிலிருந்து மேசைவரை நடந்தாள்.

பத்துப் பன்னிரண்டு அடிதான். வலது கால் முழுதாக ஊன்றியது. இடது கால் நுனி விரலில் ஊன்றி, இடுப்பு ஒருபக்கம் இறங்கி, தோள் பின்னால் இழுபட்டது. அவள் கூடச் சாயவில்லை, குறையவும் சாயவில்லை. கால் எவ்வளவு சாய்த்ததோ அவ்வளவுதான். கூடையைச் சுமந்துகொண்டு வரம்பில் நடக்கிறவளைப்போல முன்னால் மட்டும் பார்த்து வந்தாள்.

"கீரிமலையிலை நான் நடக்கேல்லை ஐயா. தூணோடை நிண்டனான். அப்பா நிக்கச் சொன்னவர், நிண்டனான். செருப்போடை வந்தால் இது தெரியாது. அதுதான் கழட்டிப்போட்டு வந்தனான்."

அதிகாரி வேலையைப்பற்றிக் கேட்டார். மெசினைப் பற்றிச் சொன்னாள். எத்தனை நிமிடம் மிதிக்கலாம், எந்த இடத்தில் குத்தும், பள்ளிக்கூடத்தில் என்ன சொல்லி நிற்பாட்டினார்கள், எல்லாவற்றையும் கேட்டதற்குக் கேட்டபடி சொன்னாள். மனுவில் இருந்த பெரிய சொற்கள் ஒன்றும் அவள் வாயில் வரவில்லை. அப்புக்காத்தர் இடையில் ஏதோ கேட்கப் போனார், அதிகாரி கையைக் காட்டி மறித்தார்.

முத்துக்குமாரு பேனையைக் கீழே வைத்தார்.

"அது என்ரை எழுத்துத்தான் ஐயா. அந்தக் கடிதம் பொய். மனு பொய்யில்லை."

அதிகாரி மனுவைக் கையில் எடுத்தார். பிறகு அமைதியாகத்தான் சொன்னார். அமைதியாகச் சொன்னதுதான் கூடச் சுட்டது. உங்கள் கையால் எழுதிய ஒன்றை இனி நான் எப்படி நம்புவது என்று கேட்டார். மனுவை ஒதுக்கி வைப்பதாகவும், ஆனால் வழக்கைத் தள்ளவில்லை என்றும் சொன்னார். பிள்ளையை ஆஸ்பத்திரியில் இன்னொரு டொக்டர் பார்த்து அளந்து எழுதித் தரவேண்டும். இரண்டு கிழமையில் முடிவு.

"புது மனு ஒண்டு வேணும். பிள்ளை தன்ரை கையாலை எழுதட்டும். நீங்கள் தொடவேண்டாம்."

கோப்பாய் முழுவதற்கும் மனு எழுதிய மனிதர் ஓம் என்று தலையாட்டினார். அவர் கோணலாக எழுதிய தாள் மேசையிலேயே கிடந்தது. அதைத் திருப்பிக் கேட்க வேண்டும்போல இருந்தது. ஒரு லிகிதர் அதை எடுத்து மற்றக் கடதாசிகளோடு கோவைக்குள் வைத்துக் கட்டினார். இனி அது அங்கேதான் இருக்கும்.

கீழே இறங்கும்போது சிவசுப்பிரமணியம் அவர்களைக் கடந்து போனார். வாசலில் நின்ற மோட்டார் சைக்கிளை உதைத்துக் கிளப்பினார். அது உடுவில் றோட்டுப் பக்கம் திரும்புவதை முத்துக்குமாரு படியில் நின்றே பார்த்தார்.

பஸ் நிலையத்தில் வெயில் கொளுத்தியது. நிழலில் ஒரு வாங்கு இருந்தது. மகளை அதில் இருத்திவிட்டு அவர் நின்றார். பக்கத்தில் இருக்க அவருக்குக் கூச்சமாக இருந்தது. பெற்ற பிள்ளைக்குப் பக்கத்தில் இருக்கக் கூச்சப்படுகிற நிலைமை ஒரு தகப்பனுக்கு வரக்கூடாது.

கனநேரத்துக்குப் பிறகு, சால்வையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு சொன்னார்.

"என்னாலை எல்லாம் கெட்டுப்போச்சு பிள்ளை. இப்ப அவன் அங்கை போய்ச் சொல்லியிருப்பான்."

"அவருக்குத் தெரியும் அப்பா."

"ஆருக்கு?"

"சோமசேகரத்தாருக்கு." அவள் பேரைச் சொல்வதை அவர் அன்றைக்குத்தான் கேட்டார். "கீரிமலைக்குப் போறதுக்கு ஒரு கிழமைக்கு முந்தியே எழுதிப் போட்டனான். அவர் வேலை செய்யிற வவுனியாக் கந்தோர் விலாசம் சாதகக் குறிப்போடை வந்த கடதாசியிலை இருந்தது. ஒன்றரை அங்குலம் கட்டையெண்டும் எழுதினனான்."

முத்துக்குமாரு வாங்கின் முதுகுப் பலகையைப் பிடித்துக்கொண்டார்.

அப்படியென்றால் அன்றைக்கு அந்தப் பிள்ளை எல்லாம் தெரிந்துகொண்டுதான் மண்டபத்தில் நின்றிருக்கிறார். அவர் மகளைத் தூணோடு ஒட்டி நிற்பாட்டியதை, சேலைத் தலைப்பை இழுத்துக் காலை மூடியதை, அவள் அசையப் பார்த்தபோது முழங்கையைப் பிடித்து அமர்த்தியதை, எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறார். மரியாதை என்று நினைத்த அந்தப் பார்வை என்ன பார்வை என்று இப்போது விளங்கியது. கந்தோரில் பட்ட வெட்கம் ஒன்றுமில்லை என்று ஆகிவிட்டது. அங்கே நாலு பேர் முன்னால் பொய்யன் ஆனார். கோயிலில், சாமிக்கு முன்னால், ஒருவனுடைய கண்ணில் அவர் ஏற்கெனவே பொய்யனாக நின்றிருக்கிறார். நின்றதும் தெரியாமல், வீட்டுக்கு வந்து பெருமை வேறு பேசியிருக்கிறார்.

"எனக்கு ஒரு சொல்லுச் சொல்லியிருக்கலாமே பிள்ளை."

"சொன்னால் விட்டிருப்பியளோ?"

"பதில் போட்டவரோ?" என்று கேட்டார், நிலத்தைப் பார்த்துக்கொண்டு.

ஞானாம்பிகை கைப்பையைத் திறந்தாள். ஓர் உறையை எடுத்தாள். ஒட்டியது ஒட்டியபடி இருந்தது.

"கோயிலாலை வந்து நாலாம் நாள் வந்தது. எனக்கில்லை அப்பா. உங்கடை பேருக்கு. உங்களுக்கு என்ன எழுதியிருக்கிறாரோ எண்டு பயந்து நான்தான் ஒளிச்சு வைச்சிருந்தனான். இனி ஒளிக்க வேண்டாம்."

உறையில் 'திரு. ச. முத்துக்குமாரு அவர்கட்கு' என்று எழுதியிருந்தது. அழகான எழுத்தில்லை. அவர் அதை வாங்கினார், திருப்பினார், உடைக்க விரல் வரவில்லை.

"நீயே உடைச்சு வாசி பிள்ளை."

"இல்லை அப்பா. உங்களுக்கு வந்ததை நீங்கள்தான் வாசிக்கவேணும்."

பஸ் வந்தது. ஊரில் எத்தனையோ பேருக்கு வந்த கடிதங்களை உடைத்து வாசித்துச் சொன்னவர், அந்த ஒன்றை நசனல் சட்டைப் பைக்குள் வைத்து, மேலே உள்ளங்கையை வைத்துக்கொண்டு வழி நெடுக இருந்தார்.

கோப்பாய்ச் சந்தியில் பஸ் நின்றது. சந்தைக்குப் போய்த் திரும்புகிற ஊர்ச்சனம் நிறைந்த பஸ். எல்லாம் தெரிந்த முகங்கள், அவர் மனு எழுதிக்கொடுத்த முகங்கள். ஞானாம்பிகை இறங்குவதற்குப் படிக் கம்பியைப் பிடித்தபோது கொண்டக்டர் மணியை அடித்துவிட்டான். வண்டி ஒரு குலுங்கல் குலுங்கியது. ஒரு வருடத்துக்கு முன் இதே இடத்தில் குலுங்கியதும் இப்படித்தான்.

"நிப்பாட்டு தம்பி" என்று முத்துக்குமாரு சத்தம் போட்டார்.

பஸ் நின்றது. முழுச்சனமும் திரும்பிப் பார்த்தது. அவருக்கு முகம் முழுவதும் எரிந்தது. ஆனாலும் எல்லாருக்கும் கேட்கத்தான் சொன்னார்.

"என்ரை பிள்ளைக்குக் கால் கட்டை. அவ ஆறுதலா இறங்கட்டும்."

ஞானாம்பிகை ஒருமுறை திரும்பித் தகப்பனைப் பார்த்தாள். பிறகு கம்பியைப் பிடித்து, நல்ல காலை முதலில் வைத்து, மெதுவாக இறங்கினாள். அவர் பின்னால் இறங்கினார். சட்டைப் பைக்குள் கடிதம் இன்னும் உடைக்காமலே இருந்தது.